36 லட்ச ரூபாய் வீட்டின் விலை 72 லட்சம்!
தவணையைக் கேட்காதீர்கள், மொத்தத்தைக் கேளுங்கள்

ஆட்டோவில் ஏறும் முன் மொத்தம் எவ்வளவு என்று பேசிக்கொள்கிறோம். அடகுக் கடையில் ஒரு ஜோடிக் கம்மலை வைப்பதானாலும் "நூத்துக்கு என்ன வட்டி?" என்று கேட்காமல் காதிலிருந்து கழற்றுவதில்லை. அண்ணாச்சி கடையில் பத்து சாமான் வாங்கினால், சீட்டில் போட்ட கூட்டல் சரியா என்று இரண்டு முறை பார்க்கிறோம்.

ஆனால், வாழ்நாளிலேயே பெரிய சாமான் ஒன்று வாங்குகிறோமே, வீடு! அதற்கு மட்டும் கூட்டல் பார்ப்பதில்லை. "மாசம் எவ்வளவு கட்டணும்?" இந்த ஒரே கேள்வி. பதில் கிடைத்ததும் கையெழுத்து. அதுவும் ஒன்றா இரண்டா? பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்து!

அந்த ஒரு கேள்விதான் தப்பான கேள்வி என்கிறேன் நான். ஏன் என்று சொல்கிறேன்.

ரயில் நண்பர்

தாம்பரம் - கடற்கரை மின்சார ரயிலில் என்னோடு தினமும் வரும் நண்பர் ஒருவர் இருக்கிறார். தனியார் கம்பெனியில் குமாஸ்தா. 2022 ஏப்ரல் மாதம், தமது 38-வது வயதில், ஒரு பாங்கியில் ரூ.30 லட்சம் வீட்டுக் கடன் வாங்கினார். வட்டி 6.9 சதவீதம். 20 வருடக் கெடு. மாதத் தவணை ரூ.23,079.

"58-ல ரிட்டயர் ஆகுறேன் சார். அதே வருஷம் கடனும் முடிஞ்சுடும். நிம்மதி!" என்று ரயில் பெட்டி முழுவதும் மிட்டாய் கொடுத்தார்.

2023 மே மாதம் ஒருநாள் மனிதர் முகம் தொங்கிப் போயிருந்தது. செல்போனில் பாங்கியின் கணக்குத் தாளைக் காட்டினார்.

"தவணையை 1,801 ரூபாய் ஏத்திட்டாங்க சார். சரி, போகட்டும். கீழே பாருங்க" என்றார்.

கீழே, கடைசித் தவணை கட்டும் வருடம் போட்டிருந்தது. 2052!

"2042 தானே சார் சொன்னாங்க? 2052-ல எனக்கு வயசு அறுபத்தெட்டு. சம்பளம் நின்னு பத்து வருஷம் ஆயிருக்கும். எதை வச்சுக் கட்டுவேன்?"

என்ன நடந்தது?

திருட்டு எதுவும் நடக்கவில்லை. எல்லாம் அவர் கையெழுத்துப் போட்ட தாளில் இருந்ததுதான்.

2019 அக்டோபர் முதல், பாங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டிப்போட வேண்டும் என்பது ரிசர்வ் பாங்கி விதி. பெரும்பாலும் அது "ரெப்போ" வட்டி. அதாவது, பாங்கிகளுக்கு ரிசர்வ் பாங்கி கடன் கொடுக்கும்போது வாங்கும் வட்டி. அது ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும். இறங்கினால் இறங்கும்.

2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, படிப்படியாக ஏறி 2023 பிப்ரவரியில் 6.5 ஆகி விட்டது. நண்பரின் 6.9 சதவீதம் 9.4 ஆனது.

இப்போது கணக்கைப் பாருங்கள். முதல் ஓராண்டில் அவர் கட்டியது ரூ.2,76,948. அதில் அசலில் கழிந்தது வெறும் 34 ஆயிரம் ரூபாய்! மீதி அத்தனையும் வட்டிக்கே போய்விட்டது.

பாக்கி அசல் ரூ.29 லட்சத்து 66 ஆயிரம். 9.4 சதவீதத்தில் அதற்கு ஒரு மாத வட்டி ரூ.23,234. அவர் கட்டி வந்த தவணையோ ரூ.23,079. வட்டிக்கே 155 ரூபாய் பற்றவில்லை! அப்படியே விட்டிருந்தால் அந்தக் கடன் அவர் காலத்தில் மட்டுமல்ல, பேரன் காலத்திலும் தீராது. அசல் மாதாமாதம் வளர்ந்து கொண்டே போயிருக்கும்.

ஆகவே, தவணையைக் கொஞ்சம் ஏற்றி, கெடுவைப் பத்து வருடம் நீட்டி விட்டது பாங்கி. "நடுவிலே நாலஞ்சு தகவல் வந்துச்சு சார். விளம்பரம்னு நினைச்சு அழிச்சுட்டேன்" என்றார் நண்பர். தவணை மட்டும்தானே அவர் கண்ணில் படும்? அது 1,801 ரூபாய்தான் ஏறியது. ஆனால் பத்து வருட உழைப்பு சத்தமில்லாமல் ஏறி விட்டது.

மூன்று விலைகள்

இது ஒருவர் கதை. இனி பொதுக் கணக்குக்கு வருவோம். பென்சிலை எடுத்துக் கொள்ளுங்கள்.

கடன் ரூ.30 லட்சம். வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக் கொள்வோம். அது கடைசிவரை மாறாது என்றும் வைத்துக் கொள்வோம்.

15 வருடக் கெடு என்றால் மாதத் தவணை ரூ.29,542. மொத்தம் கட்டுவது ரூ.53 லட்சத்து 18 ஆயிரம்.

20 வருடம் என்றால் தவணை ரூ.26,035. மொத்தம் ரூ.62 லட்சத்து 48 ஆயிரம்.

30 வருடம் என்றால் தவணை ரூ.23,067. மொத்தம் ரூ.83 லட்சத்து 4 ஆயிரம்.

வாங்கிய பணம் மூன்றிலும் அதே 30 லட்சம்தான். வட்டி வீதமும் அதேதான். 20 வருடத்தை 30 ஆக்கினால் தவணையில் குறைவது மாதம் ரூ.2,968. அதற்காகக் கூடுதலாகக் கட்டுவது ரூ.20 லட்சத்து 56 ஆயிரம்!

தரகர் என்ன சொல்வார்? "முப்பது வருஷமாப் போட்டுக்கங்க சார், தவணை லேசாயிடும்" என்பார். லேசாகத்தான் இருக்கும். நீளத்தை அவர் சொல்ல மாட்டார்.

குற்றவாளி வட்டி அல்ல!

பலர் பாங்கிக்காரனைத் திட்டுகிறார்கள். அநியாய வட்டி என்கிறார்கள். அது சரியல்ல. 8.5 சதவீதம் என்பது வருட வட்டி. நம் கடைத்தெரு பாஷையில் சொன்னால் நூற்றுக்கு மாதம் 71 காசு. தண்டல்காரரிடமும் அடகுக் கடையிலும் புழங்கியவர்களுக்குத் தெரியும், இது எவ்வளவு மலிவு என்று.

அப்படியானால் மொத்தம் எப்படி இரட்டிப்பாகிறது? காலம்தான் காரணம். சின்ன ஓட்டைதான், ஆனால் இருபது வருடம் ஒழுகினால் தொட்டியில் என்ன மிஞ்சும்?

அதிலும் முதல் பத்து வருடம்தான் வட்டிக்கு அறுவடைக் காலம். 20 வருடக் கடனையே எடுத்துக் கொள்ளுங்கள். முதல் மாதம் நீங்கள் கட்டும் ரூ.26,035-ல் வட்டிக்குப் போவது ரூ.21,250. அசலுக்குப் போவது ரூ.4,785 மட்டுமே.

பாதி வழி, அதாவது பத்து வருடம் கட்டி முடித்த பிறகு பாக்கி எவ்வளவு இருக்கும்? "பாதிதானே, 15 லட்சம்" என்பீர்கள். இல்லை. 21 லட்சம்! பத்து வருடத்தில் 31 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள். அசல் கழிந்தது 9 லட்சம். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை மிஞ்சுவதே பன்னிரண்டாம் வருடக் கடைசியில்தான்.

கணக்கில் வராத செலவு

இன்னும் இருக்கிறது. 36 லட்ச ரூபாய்க்கு ஒரு பழைய வீட்டை வாங்குகிறீர்கள். கையிலிருந்து 6 லட்சம், கடன் 30 லட்சம். தமிழ்நாட்டில் விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேர்த்து 9 சதவீதம். அது ரூ.3 லட்சத்து 24 ஆயிரம். இதற்குப் பொதுவாகப் பாங்கி கடன் தராது. நகையை வைத்தோ, மச்சானிடம் கேட்டோதான் புரட்ட வேண்டும்.

ஆக, கைக்காசு 6 லட்சம், பதிவு 3 லட்சத்து 24 ஆயிரம், தவணை மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். கூட்டினால் ரூ.71 லட்சத்து 72 ஆயிரம். அதோடு பாங்கியின் பரிசீலனைக் கட்டணம், வக்கீல் பார்வைச் செலவு, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தைப் பாங்கியில் ஒப்படைக்கும் பதிவுச் செலவு. 36 லட்ச ரூபாய் வீடு 72 லட்சத்தைத் தாண்டி விடும்!

சில இடங்களில் காப்பீட்டு பிரிமியத்தையும் மொத்தமாகக் கடனிலேயே சேர்த்து விடுகிறார்கள். குடும்பத்தலைவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் கடன் குடும்பத்தின் தலையில் விழாமல் இருக்க, காப்பீடு நல்லதுதான். ஆனால் அந்தப் பிரிமியத்துக்கும் இருபது வருடம் வட்டி கட்டுகிறோம் என்பது தெரிந்திருக்க வேண்டும்.

"வருமான வரியில் கழிவு கிடைக்குமே?" என்பவர்களுக்கு ஒரு வார்த்தை. பழைய வரி முறையில் இருப்பவர்களுக்கு, குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு வருடம் ரூ.2 லட்சம் வரை கழிவு உண்டு. புதிய வரி முறையில் இருப்பவர்களுக்கு அது கிடையாது. நீங்கள் எதில் இருக்கிறீர்கள் என்று முதலில் ஆபீசில் கேட்டுக் கொள்ளுங்கள்.

வாடகை மட்டும் திரும்பி வருமா?

நியாயமான கேள்வி. வாடகை கொடுத்த பணம் திரும்பி வராது. வருடாவருடம் ஏறவும் செய்யும். வீட்டுக்காரர் காலி பண்ணச் சொன்னால், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளோடு சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு அலைய வேண்டும். சொந்த வீட்டில் சுவரில் ஆணி அடிக்க யாரையும் கேட்க வேண்டாம். அந்த நிம்மதிக்கு விலை போட முடியாது.

இன்னொன்றும் உண்டு. இருபது வருடம் கழித்துக் கட்டும் 26 ஆயிரம், இன்றைய 26 ஆயிரம் போல் கனக்காது. சம்பளம் ஏறியிருக்கும். ரூபாயின் மதிப்பு இறங்கியிருக்கும். இதையெல்லாம் நான் மறுக்கவில்லை.

ஆகவே, கடன் வாங்காதீர்கள் என்று சொல்ல வரவில்லை. கடன் இல்லாமல் குமாஸ்தாவும் கடைச் சிப்பந்தியும் எங்கே வீடு வாங்குவது? வாங்குங்கள். ஆனால், கூட்டலைப் பார்த்து விட்டு வாங்குங்கள்.

என்ன செய்ய வேண்டும்?

ஒன்று: கையெழுத்துப் போடும் முன் "முக்கிய விவர அறிக்கை"யைக் கேட்டு வாங்குங்கள். 2024 அக்டோபர் முதல் புதிய வீட்டுக் கடன் எல்லாவற்றுக்கும் இதைக் கொடுத்தே ஆக வேண்டும். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும் என்பதும் ரிசர்வ் பாங்கி உத்தரவு. "தமிழில் கொடுங்கள்" என்று கேட்பது உங்கள் உரிமை, சலுகை அல்ல. கட்டணங்களையும் சேர்த்த வருட வட்டி எவ்வளவு என்று அதில் இருக்கும். தவணை அட்டவணையும் இருக்கும். வீட்டுக்கு எடுத்துப் போய் மனைவியோடு உட்கார்ந்து படியுங்கள். குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசம் உண்டு.

இரண்டு: கெடுவைத் தவணையைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். ஓய்வு பெறும் வயதைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

மூன்று: கையில் காசு வந்தால் முதல் வருடங்களிலேயே அசலில் கட்டுங்கள். மேலே சொன்ன 20 வருடக் கடனில், முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கட்டினால் 18 தவணை குறைகிறது. அதாவது ரூ.4 லட்சத்து 70 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்து வருடம் கழித்துக் கட்டினால் ஆறு தவணைகூடக் குறையாது. வருடம் ஒருமுறை, தீபாவளி போனசில் ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தாலும் மூன்று வருடத்துக்கு மேல் மிச்சம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் பாங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் பாங்கி சொல்லி விட்டது.

நான்கு: வட்டி மாறும்போது தூங்காதீர்கள். 2023 ஆகஸ்டில் வந்த உத்தரவின்படி, வட்டி ஏறினால் தவணையை ஏற்றுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று உங்களைக் கேட்க வேண்டும். தவணை, வட்டிக்கே பற்றாத நிலை வரக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குத் தாள் தர வேண்டும். அதில் அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்று இருக்க வேண்டும். அந்த "எத்தனை தவணை" என்ற எண்ணை முதலில் பாருங்கள். கூடியிருந்தால் மறுநாளே பாங்கிக்குப் போங்கள்.

ஐந்து: கடன் தீர்ந்ததும் பத்திரத்தை வாங்குங்கள். 30 நாளில் திருப்பித் தர வேண்டும். தங்கள் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு ரூ.5,000 பாங்கி உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் இந்த விதி இருக்கிறது.

கொட்டை எழுத்தில் போடட்டும்!

விதிகள் இருக்கின்றன. ஆனால், விதி தாளில் இருந்தால் போதாது. கண்ணில் பட வேண்டும். ஒரு சோப்புக் கட்டியின் மேலே மொத்த விலை அச்சடிக்க வேண்டும் என்று சட்டம் வைத்திருக்கிற நாடு இது. வீட்டுக் கடனுக்கு மட்டும் ஏன் விளம்பரப் பலகையில் "மாதம் இவ்வளவுதான்!" என்று தவணையைக் கொட்டை எழுத்தில் போடுகிறார்கள்? மொத்தத்தையும் அதே பலகையில், அதே அளவு எழுத்தில் போடட்டும். "30 லட்சம் வாங்கினால் 62 லட்சத்து 48 ஆயிரம் கட்டுவீர்கள்" என்று விண்ணப்பத்தின் முதல் பக்கத்தில், முதல் வரியில், தமிழில் இருக்கட்டும். படித்துவிட்டு வாங்குகிறவர் வாங்கட்டும். இதில் பாங்கிக்கு என்ன நஷ்டம்?

நண்பர் என்ன செய்தார்?

அந்த வாரமே மனைவியை அழைத்துக்கொண்டு பாங்கிக்குப் போனார். கெடுவை நீட்ட வேண்டாம், பழையபடி 2042-லேயே முடிக்க வேண்டும் என்றால் தவணை எவ்வளவு என்று கேட்டார். ரூ.27,952 என்றார்கள். முன்பு கட்டியதைவிட ரூ.4,873 அதிகம். மனிதர் தயங்கினார்.

அவர் மனைவிதான் சொன்னாராம்: "நம்ம சீட்டு இந்த மாசத்தோட முடியுதுங்க. அடுத்த சீட்டுல சேர வேண்டாம். அந்த ஐயாயிரத்தை இதுல போட்டுடுவோம். பொண்ணுக்கு நகை மெதுவாச் சேர்த்துக்கலாம். அறுபத்தெட்டு வயசுல நீங்க கடன் கட்ட முடியாது."

ஒரு சீட்டை விட்டார்கள். வட்டி அந்த 9.4-லேயே நின்றாலும், அதனால் மிச்சம் ரூ.22 லட்சத்து 85 ஆயிரம்!

2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் இடையே ரெப்போ வட்டி ஒரு சதவீதம் குறைந்தது. நண்பரின் வட்டி 8.4 ஆனது. "தவணையைக் குறைக்கட்டுமா சார்?" என்று பாங்கியில் கேட்டார்கள். இந்த முறை அவர் ஏமாறவில்லை.

"தவணை அப்படியே இருக்கட்டும். வருஷத்தைக் குறைங்க" என்று சொல்லி விட்டார்.

அந்த வட்டியே நீடித்தால் 2040-ல், அவருடைய 56-வது வயதில், கடன் தீர்ந்து விடும். இப்போது மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குத் தாள் வந்ததும் ரயிலிலேயே பிரித்துப் பார்க்கிறார். முதலில் பார்ப்பது தவணையை அல்ல. கடைசி வரியில் இருக்கும் வருடத்தை.